பொன்மணி: ஒரு கலைஞனும் ஒரு சமூகமும்

இலங்கைத் தமிழ்ச் சினிமாவின் கதை மிகச் சிறிய கதை. அதனை நூலாக எழுதிவைத்தவர் புங்குடுதீவிற் பிறந்த தம்பிஐயா தேவதாஸ். 1962ஆம் ஆண்டில் ‘சமுதாயம்’ வெளிவந்தது தொடக்கம் 1983ஆம் ஆண்டின் ஆடிக் கலவரம் வரையுள்ள இருபத்தொரு ஆண்டுகளில் இந்நாட்டில் உருவான தமிழ்ப் படங்களை எண்ணிப் பார்த்தால் ஏறத்தாழ முப்பதே தேறும். அவற்றுட் பெரும்பாலானவை சென்னைப் படங்களின் நிழல்கள். அடுக்குமொழி வசனம், மரத்தைச் சுற்றிய காதல், கடைசிச் சுருளில் மனந்திருந்தும் வில்லன் ஆகியவை எல்லாம் குறைந்த செலவில், குறைந்த ஒளியில் மறுபடியும் எடுக்கப்பட்டன. இந்த முப்பதினுள்ளே நமது மண்ணை, நமது வீட்டை, நமது வீட்டுக்குள்ளே நாம் மறைத்துவைத்த அநீதியை நேருக்கு நேர் நின்று பார்த்த படங்கள் விரல்விட்டு எண்ணத்தக்கவை. அவற்றுள் முதன்மையானது 1977இல் வெளிவந்த ‘பொன்மணி’ என்று சொன்னால் மிகையாகாது. அதை நெறிப்படுத்தியவர் தமிழரல்லர். அவர் தர்மசேன பத்திராஜ என்னும் சிங்களவர்.

இது எவ்வாறு நேர்ந்தது? யாழ்ப்பாணத்துச் சாதியையும் சீதனத்தையும் பற்றி யாழ்ப்பாணத்தார் எடுக்காத படத்தைக் கண்டியிற் பிறந்த ஒருவர் ஏன் எடுத்தார்? எடுத்த பின் அதனை யாழ்ப்பாணம் எவ்வாறு வரவேற்றது? இக்கேள்விகளுக்கு விடை தேடப் புகுந்தால், ஒரு கலைஞனின் வாழ்க்கையோடு ஒரு காலகட்டத்தின் வரலாறே நம்முன் விரிகிறது.

பத்திராஜ 1943ஆம் ஆண்டிற் பிறந்தவர். பேராதனைப் பல்கலைக் கழகத்திற் சிங்களம் பயின்று அறுபதுகளின் பிற்பகுதியிற் பட்டம் பெற்றார். அக்காலப் பேராதனை, சரச்சந்திராவின் ‘மனமே’ நாடகம் 1956இல் ஏற்றிவைத்த விளக்கின் ஒளியில் இருந்தது. ஆயினும் அங்கிருந்து வெளிவந்த இளைஞர்களின் உள்ளத்தை நிறைத்திருந்தது நாடக மேடை மட்டுமன்று. இலவசக் கல்வியால் தாய்மொழியிற் படித்துப் பட்டம் பெற்று, படிப்புக்கேற்ற வேலையின்றி ஊர் திரும்பிய ஒரு தலைமுறை அது. அதன் கோபம் 1971 சித்திரையிற் கிளர்ச்சியாக வெடித்தது. ஆயிரக்கணக்கான இளைஞர் மாண்டனர். அந்தப் புகை அடங்குமுன்னரே, 1974இல், பத்திராஜவின் முதற் பெரும்படமான ‘அஹஸ் கவ்வ’ வெளிவந்தது. ‘ஆகாயக் காதம்’ என்று அத்தலைப்பைத் தமிழ்ப்படுத்தலாம். தரையில் ஓர் அடியும் தமக்கெனச் சொந்தமில்லாத கொழும்பு இளைஞரின் கதைக்கு வேறென்ன தலைப்புப் பொருந்தும்?

அதற்கு முன் சிங்களத் திரையில் ஒரு புரட்சி நிகழ்ந்தே இருந்தது. 1947இல் முதற் சிங்களப் பேசும் படம் வெளிவந்த காலந்தொட்டுப் பல ஆண்டுகள் சிங்களப் படங்கள் தென்னிந்திய ஸ்டூடியோக்களில், தென்னிந்திய அச்சிலேயே வார்க்கப்பட்டன. லெஸ்ரர் ஜேம்ஸ் பீரிஸ் 1956இல் ‘ரேகாவ’வை எடுத்தபோது கமெராவை ஸ்டூடியோவிலிருந்து கிராமத்து வெயிலுக்குக் கொண்டுவந்தார். 1963இல் ‘கம்பெரலிய’ வந்தது. பீரிஸின் பெருமையை எவரும் மறுக்கமுடியாது. ஆனால் அவர் படங்களின் இதயம் பழைய வளவுகளிலும், சரிந்துகொண்டிருந்த உயர்குடிக் குடும்பங்களின் மெளனத்திலும் துடித்தது. பத்திராஜவோ அந்த வீடுகளின் வாசலைத் தாண்டி வீதிக்கு வந்தார். தெருமுனையிற் காலங்கழிக்கும் இளைஞர், அறையொன்றைப் பலராகப் பங்கிட்டு வாழ்வோர், வேலைக்காக அரசியல்வாதியின் தயவை நாடி நிற்போர் ஆகியோரே அவர் கண்ட மனிதர்கள். இவர்களை அவர் வீரர்களாக்கவில்லை; அவர்களுடைய சின்னத்தனங்களையும் அவர் மறைக்கவில்லை. இரக்கம் காட்டுவதற்காக ஏழையைத் தெய்வமாக்கும் பழக்கம் நமது முற்போக்கு எழுத்திலும் உண்டு. அந்தப் பழக்கம் பத்திராஜவிடம் இல்லை.

அவருடைய கலைப்பாணியைச் சில சொற்களிற் சொல்லிவிட முயல்வது தவறு. எனினும் ஒன்றைக் குறிப்பிடலாம். அவர் படச்சட்டத்தில் ஒருவர் தனித்து நிற்பது குறைவு. நால்வர் ஐவர் சேர்ந்து நிற்பர். அவர்களுக்குப் பின்னால் ஒரு வீதி, ஒரு கடற்கரை, ஒரு சுவர் இருக்கும். மனிதனை அவன் நிற்கும் இடத்திலிருந்து பிரித்து முகத்தை மட்டும் பெரிதாக்கிக் கண்ணீரைக் காட்டும் வழக்கத்தை அவர் பெரும்பாலும் தவிர்த்தார். ஒளிப்பதிவாளர் டொனால்ட் கருணாரத்ன இவ்வகையில் அவருக்கு வாய்த்த கை. வசனம் பேச்சாக இருந்தது, பிரசங்கமாக இருக்கவில்லை. விஜய குமாரதுங்க, மாலினி பொன்சேகா போன்ற புகழ்பெற்ற நட்சத்திரங்களை அவர் பயன்படுத்தத் தயங்கவில்லை; ஆனால் அவர்களுடைய நட்சத்திர மினுக்கத்தைக் கழற்றி வைத்துவிட்டே உள்ளே அழைத்தார். 1975இல் வந்த ‘ஏய தன் லொகு லமயெக்’ — ‘அவள் இப்போது பெரிய பெண்’ — கிராமத்துப் பெண்ணொருத்தியின் கதை. அது மொஸ்கோத் திரைப்பட விழாவரை சென்றது.

இனி யாழ்ப்பாணத்துக்கு வருவோம்.

1974இல் இலங்கைப் பல்கலைக் கழகத்தின் யாழ்ப்பாண வளாகம் தொடங்கப்பெற்றது. அதன் முதற் தலைவராகப் பேராசிரியர் க. கைலாசபதி பொறுப்பேற்றார். தமிழ்ப் பேரறிஞர்களோடு சிங்கள விரிவுரையாளர் சிலரும், சிங்கள மாணவர் பலரும் அங்கு இருந்தனர் என்பதை இன்றைய மாணவர் வியப்போடு கேட்கக்கூடும். பத்திராஜ அங்கே விரிவுரையாளராகப் பணியாற்றினார். பாலேந்திரா போன்ற இளைஞர் நவீன நாடகத்தில் ஈடுபட்டிருந்த காலம் அது. ‘நெறியாள்கை’ என்ற சொல் வெறும் சொல்லாக இல்லாமற் பயிற்சியாக மாறிக்கொண்டிருந்தது. பத்திராஜவுக்குக் கிடைத்த தமிழ் உலகம் சென்னைப் படமாளிகையின் தமிழ் உலகமன்று, இந்த உலகம்.

‘பொன்மணி’யின் கதையை எழுதியவர் காவலூர் இராஜதுரை. காவலூர் என்பது ஊர்காவற்றுறை. தீவகத்தின் அந்தத் துறைமுகப் பட்டினத்தின் பெயரைத் தமது பெயரோடு சேர்த்துக்கொண்ட அவர் சிறுகதை எழுத்தாளர். வானொலியிலும் விளம்பரத் துறையிலும் உழைத்தவர். கதை எளியது. உயர்சாதிக் குடும்பம் ஒன்று. பழம்பெருமை உண்டு, பணம் இல்லை. மூத்தவளுக்குச் சீதனம் தேடமுடியாமல் திருமணம் தள்ளிப் போகிறது. பொன்மணி என்ற இளம்பெண் தன் சாதிக்கு வெளியே ஒருவனைக் காதலித்து அவனோடு வீட்டைவிட்டுப் போகிறாள். அவள் கொல்லப்படுகிறாள். இவ்வளவே கதை. ஆனால் இவ்வளவைச் சொல்ல அன்றைய யாழ்ப்பாணத்தில் எவ்வளவு நெஞ்சுரம் வேண்டியிருந்தது!

இதன் கனத்தை உணர, அதற்கு முந்திய பத்தாண்டுகளை நினைவுகூர வேண்டும். 1966 ஐப்பசியிற் சுன்னாகத்திலிருந்து புறப்பட்ட ஊர்வலத்தோடு தீண்டாமைக்கெதிரான போராட்டம் புதிய கட்டத்தை அடைந்தது. தேநீர்க் கடைகளிலே சம உரிமை, கோயில் வாசலிலே சம உரிமை என்ற கோரிக்கைகள் தெருவுக்கு வந்தன. 1968இல் மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயில் வாசலில் மனிதர் மறிக்கப்பட்டனர். தீவகமும் இந்தக் கொடுமைக்கு விலக்காக இருக்கவில்லை. நல்ல தண்ணீர் எளிதிற் கிடையாத தீவில் கிணறு என்பது உயிர். அந்தக் கிணற்றிலேயே சாதி இருந்தது. 1971இல் புங்குடுதீவில் ஒடுக்கப்பட்ட மக்கள் நன்னீர் அள்ளும் உரிமைக்காக எழுத்தாளர் மு. தளையசிங்கம் சத்தியாக்கிரகம் செய்தார். பொலிசாரின் தாக்குதலுக்கு ஆளானார். 1973இல் முப்பத்தெட்டாவது வயதில் மறைந்தார். மார்க்சியத்தோடு அவர் நடத்திய தத்துவச் சண்டை வேறு. அதிலே நமக்கு உடன்பாடில்லாதவை பல. ஆனால் கிணற்றடியில் அவர் நின்ற இடம் சரியான இடம். அக்கிணற்றடிக்கும் ‘பொன்மணி’க்கும் இடையே ஆறே ஆண்டுகள்.

வேலணையிலிருந்து கடலினூடே வரும் வீதி மடத்துவெளிப் பக்கமாகப் புங்குடுதீவிற் கரையேறுகிறது. அவ்வீதியாற் பஸ் ஏறிப் பட்டினம் சென்று, வின்ஸரிலும் வெலிங்டனிலும் ராணியிலும் படம் பார்த்துவிட்டுக் கடைசிப் பஸ்ஸிலே திரும்பியவர்கள் தீவகத்து மக்கள். ஒரு படத்துக்கு ஒரு நாள் செலவு. அத்தனை சிரமப்பட்டுப் போகிறவன் எம்.ஜி.ஆரின் வாள்வீச்சையும் சிவாஜியின் கர்ச்சனையையும் கேட்டான் என்றால் அவனை நாம் குறைசொல்லலாமா? அவனுடைய சுவையைச் சந்தை உருவாக்கியது. கொழும்பின் பெரிய விநியோக நிறுவனங்கள் தென்னிந்தியப் படங்களை ஆண்டுதோறும் இறக்கி, படமாளிகைகளையும் தம் கையில் வைத்திருந்தன. உள்ளூர்ப் படத்துக்குக் கிடைத்தது எஞ்சிய நாட்கள். 1972இல் அரச திரைப்படக் கூட்டுத்தாபனம் உருவாகி இறக்குமதியையும் விநியோகத்தையும் தன்வசப்படுத்திய பின்னரே இந்த இறுக்கம் சற்றுத் தளர்ந்தது. எழுபதுகளின் பிற்பகுதியில் தமிழ்ப் படங்கள் ஒன்றன்பின் ஒன்றாக வந்தமைக்குக் காரணம் திடீரென நம்மிடையே கலைஞர்கள் பிறந்தமையன்று. கடன் வசதியும் இறக்குமதிக் கட்டுப்பாடும் தந்த மூச்சுவிடும் இடமே காரணம். கட்டடக் கலைஞர் வி. எஸ். துரைராஜா ‘குத்துவிளக்கு’ (1972) எடுத்ததும், தோட்டத் தொழிலாளரின் தொழிற்சங்கத் தலைவர் வி. பி. கணேசன் ‘புதிய காற்று’ (1975) எடுத்ததும் இந்தக் காலத்திலேதான். இவர்கள் எவரும் பரம்பரைப் பட முதலாளிகளல்லர் என்பதைக் கவனிக்க வேண்டும்.

இந்தச் சூழலிலே ‘பொன்மணி’ திரைக்கு வந்தது. பாலேந்திரா நடித்தார், கைலாசபதியின் துணைவியார் சர்வமங்களம் நடித்தார், படித்த நாடகக்காரர் பலர் நடித்தனர். யாழ்ப்பாணத்து வீடும் ஒழுங்கையும் தம் இயல்பான முகத்தோடு திரையில் வந்தன. பாத்திரங்கள் யாழ்ப்பாணத் தமிழிற் பேசினர். படம் மெதுவாக நடந்தது. பேச்சுக்கு இடையே நீண்ட மெளனம் இருந்தது. அந்த மெளனமே அதன் உண்மை எனலாம். ஏனெனில் நமது வீடுகளிற் சாதியைப் பற்றி எவரும் உரத்துப் பேசுவதில்லை. உரத்துப் பேசினால் வாதிடலாம், மறுக்கலாம். திண்ணையில் ஒருவர் எங்கே அமர்கிறார், தண்ணீர் எந்தப் பாத்திரத்திற் கொடுக்கப்படுகிறது, திருமணப் பேச்சிலே எந்தப் பெயர் வந்தவுடன் அறை அமைதியாகிறது என்பவற்றிலேயே சாதி வாழ்கிறது. மொழியை முழுதும் அறியாத ஒருவர் இதைக் கண்டது விந்தையன்று. சொல்லைக் கேளாதவன் உடலைக் கவனிக்கிறான். உள்ளூர்க்காரன் சொல்லிலே மயங்கிக் கிடக்கும்போது அயலான் இடைவெளியை அளக்கிறான்.

படம் ஓடவில்லை. வந்த வேகத்திலே படமாளிகைகளை விட்டு நீங்கியது. பாட்டு இல்லாமையால் ஓடவில்லை என்று சொல்லமுடியாது, பாட்டு இருந்தது. மந்தமான கதி மக்களுக்குப் பழக்கமில்லை என்பது ஓரளவு உண்மை. ஆனால் அதற்கும் மேலான காரணம் ஒன்றுண்டு. சென்னைப் படத்திலே ஏழைப் பெண்ணுக்காக அழுத அதே யாழ்ப்பாணத்து நடுத்தர வர்க்கம், தன் வீட்டுப் பெண்ணைத் திரையிற் கண்டபோது முகத்தைத் திருப்பிக்கொண்டது. திரையில் இருந்த வீடு அவர்களுடைய வீடு. கொலைக்குக் காரணமான கெளரவம் அவர்களுடைய கெளரவம். கண்ணீர் விட்டுக் கழுவிவிடக்கூடிய குற்றமாக அது இருக்கவில்லை. அரசியற் காலமும் பாதகமாயிற்று. 1976இல் வட்டுக்கோட்டைத் தீர்மானம். 1977 ஆடியிற் பொதுத் தேர்தல். ஆவணியில் இனக் கலவரம். தமிழர் எல்லோரும் ஒன்று என்ற முழக்கம் ஓங்கிய அந்த நேரத்தில், தமிழருக்குள்ளே இரண்டு கிணறுகள் உண்டு என்று காட்டிய படம் எவருக்கு வேண்டியிருந்தது?

இங்கே இன்னொரு படத்தின் நினைவு வருகிறது. 1960இற் சென்னையிலே இடதுசாரிக் கலைஞர் கூட்டுமுயற்சியாக ‘பாதை தெரியுது பார்’ எடுத்தபோது அதை நெறிப்படுத்தியவர் நிமாய் கோஷ். ‘சின்னமூல்’ எடுத்துத் தேசப்பிரிவினையின் அகதிகளைத் திரைக்குக் கொண்டுவந்த அந்த வங்காளி, தொழிலாளர் வாழ்வைத் தமிழிலே படமாக்கினார். எம். பி. சீனிவாசனின் இசை இன்றும் நினைக்கப்படுகிறது. படமோ பணத்திலே தோற்றது. 1965இல் ஜெயகாந்தன் ‘உன்னைப்போல் ஒருவன்’ எடுத்தார். அதற்கும் விநியோகஸ்தர் வாசல் திறக்கவில்லை. ஆகவே யாழ்ப்பாணத்தைமட்டும் தனியே நிறுத்திக் குற்றஞ்சாட்டுதல் நியாயமன்று. படத்தை எடுப்பதற்கு நண்பர்களின் பணமும் உழைப்பும் போதும். அதை மக்களிடம் கொண்டுசெல்வதற்குப் படமாளிகை வேண்டும். அந்தச் சாவி எப்போதும் வேறொருவன் கையில் இருந்தது. சுதந்திரக் கலைஞன் என்று நாம் போற்றுபவன் படப்பிடிப்புத் தளத்திலேதான் சுதந்திரமானவன்.

தீவகத்தின் வாழ்வு திரைக்கு வந்த மற்றொரு சந்தர்ப்பத்தையும் சொல்லாமற் போகமுடியாது. செங்கை ஆழியானின் ‘வாடைக்காற்று’ நெடுந்தீவைக் களமாகக் கொண்ட நாவல். 1978இல் அது பிரேம்நாத் மொறாயஸின் நெறியாள்கையிற் படமாயிற்று. படப்பிடிப்பு மன்னார்ப் பேசாலையில் நடந்தது. அது ‘பொன்மணி’யைவிட மக்களைக் கவர்ந்தது, நாவலின் புகழும் மீனவர் வாழ்வின் காட்சிகளும் துணைசெய்தன. நல்ல முயற்சியே. எனினும் அந்தக் கடல் காதற்கதையின் பின்புலமாகவே நிற்கிறது என்பது என் கருத்து.

கடல் உழைப்பாகவும் மூலதனமாகவும் தோன்றும் படத்தைக் காண அதே 1978இல் வந்த பத்திராஜவின் ‘பம்பரு அவித்’ படத்துக்கே போகவேண்டும். ‘வண்டுகள் வந்துவிட்டன’ என்பது பொருள். கற்பிட்டிப் பக்கத்து மீனவக் கிராமம் ஒன்றிலே, பிடிபடும் மீனை வாங்கி ஆண்டுவரும் உள்ளூர் முதலாளி அன்ரன். நகரத்திலிருந்து விக்ரர் என்னும் இளைஞன் தன் கூட்டாளிகளோடு வந்து அந்தச் சந்தையைக் கைப்பற்ற முயல்கிறான். பழைய சுரண்டலுக்கும் புதிய சுரண்டலுக்குமிடையே கிராமம் கிழிபடுகிறது. ஒரு பெண்ணின் வாழ்வும் அதிலே சிக்குகிறது. ஜோ அபேவிக்கிரம, விஜய குமாரதுங்க, மாலினி பொன்சேகா மூவரும் அற்புதமாக நடித்துள்ளனர். நகரத்துக் கூட்டத்திலே இடதுசாரிச் சொற்களை மனப்பாடம் செய்த ஒருவனும் இருக்கிறான். அவன் மீனவருக்கு உபதேசிக்கிறான், அவர்கள் செவிசாய்க்கவில்லை. அவன் சொல்வது பிழையன்று. ஆனால் அவன் யாரோடு வந்தான் என்பதை அவர்கள் அறிவார்கள். இக்காட்சியைப் பார்த்துச் சிலர் பத்திராஜ இயக்கத்தைக் கேலி செய்துவிட்டார் என்று வருந்தினர். ஆசிரியர்களாகவும் மாணவர்களாகவும் உள்ள நாம் கிராமத்திலே கூட்டம் போட்ட நாட்களை எண்ணிப் பார்த்தால் வருத்தத்துக்குப் பதில் வேறோர் உணர்ச்சி வரலாம். இதே படத்தில் 1977க்குப் பின் வந்த திறந்த பொருளாதாரத்தின் காலடி ஓசையும் கேட்கிறது.

பின்னர் 1980இல் ‘பார திகே’; நகரத்து இளஞ்சோடி ஒன்று பணத்துக்காக வீதி வீதியாய் அலையும் கதை. 1981இல் ‘சொல்தாது உன்னெஹே’. இரண்டாம் உலகப்போரிற் போரிட்ட முதிய சிப்பாய், ஒரு விலைமகள், ஒரு குடிகாரன், ஒரு முடிச்சுமாறி ஆகியோர் சுதந்திர தினத்தை ஒட்டிய நாட்களை எவ்வாறு கழிக்கிறார்கள் என்பதே அதன் பொருள். பீரங்கி முழங்குகிறது, கொடி ஏறுகிறது, இவர்கள் மரத்தடியில் இருக்கிறார்கள். இவ்வாறு 1974 முதல் 1981 வரை, ஏழு ஆண்டுகளில், ஆறு பெரும்படங்கள். இலங்கைத் திரையில் இதற்கு ஈடான வேகமும் செறிவும் கொண்ட தொடக்கம் வேறொருவரிடம் இருந்ததாகத் தோன்றவில்லை.

‘சொல்தாது உன்னெஹே’ வந்த அதே 1981 வைகாசி இறுதியில் யாழ்ப்பாணப் பொது நூலகம் எரிந்தது. 1983 ஆடியில் நாடே எரிந்தது. சிங்களப் படங்களை நெறிப்படுத்திய தமிழரான கே. வெங்கட் கொழும்பிலே கொல்லப்பட்டார். ஹெந்தலையில் தமிழ் முதலாளி கே. குணரத்தினத்துக்குச் சொந்தமான விஜயா ஸ்டூடியோ தீக்கிரையாயிற்று. அங்கிருந்த சிங்களப் படச்சுருள்களும் அதனோடு சாம்பலாயின. சிங்களச் சினிமாவைத் தமிழர் கட்டினர். தமிழ்ச் சினிமாவின் உயர்ந்த படத்தைச் சிங்களவர் எடுத்தார். இரண்டையும் இணைத்த பாதையின்மேல் நெருப்பு விழுந்தது. பத்திராஜவின் படங்களில் நடித்த விஜய குமாரதுங்க 1986இல் யாழ்ப்பாணம் சென்று தமிழ்ப் போராளிகளைச் சந்தித்தார். 1988 மாசியிற் கொழும்பிலே தம் வீட்டு வாசலிற் சுடப்பட்டு இறந்தார்.

பத்திராஜவும் ஏறத்தாழ இருபது ஆண்டுகள் பெருந்திரையை விட்டு விலகியிருக்க நேர்ந்தது. ‘கடுல்ல’ போன்ற தொலைக்காட்சி நாடகங்களில் அவர் கை தெரிந்தது. பல்கலைக் கழகத்திற் கற்பித்தார். வங்காளச் சினிமாவை ஆராய்ந்து அவுஸ்திரேலியாவில் கலாநிதிப் பட்டம் பெற்றார். மீண்டும் வடக்கை நோக்கி அவர் திரும்பியது 2006இல். அவ்வாண்டு வெளிவந்த அவரது விவரணப் படம், யாழ்ப்பாணத்துக்குச் சென்ற இருப்புப்பாதையின் வழியே இந்நாட்டின் பிளவைத் தேடிப் பார்த்தது. போர்நிறுத்தம் குலைந்து குண்டுகள் மறுபடி வெடிக்கத் தொடங்கிய ஆண்டு அது. யாழ்தேவி வராமற்போய்ப் பதினாறு ஆண்டுகள் ஆகியிருந்தன. தண்டவாளங்கள் பெயர்க்கப்பட்டுப் பதுங்குகுழிகளின் கூரையாகியிருந்தன.

யாழ்தேவி மீண்டும் யாழ்ப்பாண நிலையத்துக்கு வந்தது 2014 ஐப்பசியில். காப்காவின் கதையைத் தழுவிய ‘ஸ்வரூப’ என்ற அவரது கடைசிப் படமும் அவ்வாண்டுக்குரியதே. ‘பொன்மணி’யை எழுதிய காவலூர் இராஜதுரை அதே ஐப்பசியிற் சிட்னியிற் காலமானார். பத்திராஜ 2018 தை மாதம் 28ஆம் நாள் மறைந்தார்.